எந்த கொரில்லா? மூக்கு, முடி, இடம் பார்த்து கண்டுபிடிக்கிறது எப்படி

கொரில்லா வீடியோ ஒண்ணு போன்ல வந்தா முதல்ல அதோட மூக்கைப் பாருங்க. மூக்கு நுனியில சின்னதா ஒரு சதை உதட்டைப் பார்த்து மடிஞ்சு நிக்குதா, உச்சந்தலை முடி செம்பட்டையா இருக்கா, பெரிய ஆணா இருந்தா முதுகுல இருக்கற வெள்ளி நரை இடுப்பு தாண்டி தொடை வரைக்கும் இறங்கியிருக்கா, இதெல்லாம் சேர்ந்து இருந்துச்சுன்னா அது மேற்கு கொரில்லா. மூக்குல அந்த மடிப்பு இல்லாம, தலை முழுக்க கருகருன்னு, நரை முதுகோட நின்னுடுச்சுன்னா கிழக்கு கொரில்லா. ரெண்டும் வேற வேற இனம். ரெண்டுக்கும் நடுவுல கிட்டத்தட்ட 900 கிலோமீட்டருக்கு கொரில்லாவே கிடையாது.

இதை ஏன் கத்துக்கணும்னா, உலகத்துல எத்தனை கொரில்லா இருக்குன்னு தேடிப் பார்த்தீங்கன்னா ஒரு இடத்துல ஆயிரம்னு இருக்கும், இன்னொரு இடத்துல மூணு லட்சம்னு இருக்கும், ஒருத்தர் எண்ணிக்கை கூடிடுச்சு ரொம்ப சந்தோஷம்னு போட்டிருப்பார், இன்னொருத்தர் அழியப் போகுதுன்னு போட்டிருப்பார். நாலு பேரும் சொல்றது சரிதான், ஆனா ஆளுக்கு ஒரு கொரில்லாவைப் பத்தி பேசிட்டு இருக்காங்க. என் அக்கா பொண்ணு ஸ்கூல் ப்ராஜெக்ட்டுக்கு சார்ட் போட்டா, மேல "மலை கொரில்லா"ன்னு எழுதி, கீழ ஏதோ ஜூல எடுத்த மேற்கு கொரில்லா போட்டோவை ஒட்டி, பக்கத்துல மூணு லட்சம்னு எழுதிட்டா. பாவம் அவ மேல தப்பு இல்ல, தேடினப்போ அப்படித்தான் கலந்து வந்திருக்கு. அன்னைக்கு அவளுக்கு உக்கார்ந்து சொல்லிக் கொடுத்ததைத்தான் கொஞ்சம் விரிவா இங்க எழுதறேன்.

தமிழ்ல தேடறவங்களுக்கு இன்னும் ரெண்டு சிக்கல் உண்டு. ஒண்ணு, "கொரில்லா"ன்னு மட்டும் போட்டா கொரில்லாப் போர், கொரில்லாத் தாக்குதல்னு சண்டைச் செய்தியா வந்து விழும், அதனால கூடவே "மலை", "தாழ்நிலம்", "காடு"ன்னு ஏதாவது சேர்த்துப் போடுங்க. ரெண்டு, நம்ம செய்திகள்ல சிம்பன்சி, ஒராங்குட்டான், கொரில்லா எல்லாத்தையும் "மனிதக் குரங்கு"ன்னு ஒரே பேர்ல எழுதிடுவாங்க, போட்டோ ஒண்ணு செய்தி ஒண்ணா இருக்கும். அந்த வார்த்தையைப் பார்த்தா உடனே நம்பாதீங்க, எந்த நாடுன்னு படிச்சுட்டு அப்புறம் முடிவு பண்ணுங்க. இந்தோனேசியா, மலேசியான்னு இருந்தா அது கொரில்லாவே இல்ல, கொரில்லா காட்டுல இருக்கறது ஆப்பிரிக்காவுல மட்டும்தான்.

குடும்பம் இப்படி. இனம் ரெண்டு, மேற்கு, கிழக்கு. ஒவ்வொண்ணுலயும் ரெண்டு கிளை. மேற்குல ஒண்ணு தாழ்நில கொரில்லா, இன்னொண்ணு க்ராஸ் ரிவர் கொரில்லா. கிழக்குல ஒண்ணு மலை கொரில்லா, இன்னொண்ணு கிழக்குத் தாழ்நில கொரில்லா, இதுக்கு க்ரௌவர் கொரில்லான்னும் பேர் உண்டு. மொத்தம் நாலு. இந்த நாலு பேரையும் ஒரு துண்டு பேப்பர்ல எழுதி வச்சுக்கோங்க, இனிமே எந்தச் செய்தி படிச்சாலும் இதுல எதுன்னு தேடறதுதான் முதல் வேலை.

முதல் கேள்வி: எங்க எடுத்த படம்?

மூக்கு தெரியாத அளவுக்கு படம் மங்கலா இருந்தா இடத்தை வச்சே பாதி கண்டுபிடிச்சுடலாம். ஜூல எடுத்ததுன்னா அநேகமா நூத்துக்கு நூறு மேற்குத் தாழ்நில கொரில்லாதான், கண்ணை மூடிட்டு சொல்லலாம். பெல்ஜியத்துல ஆன்ட்வெர்ப் ஜூல கிழக்குத் தாழ்நில கொரில்லா வச்சிருந்தாங்க, அது மாதிரி ஒண்ணு ரெண்டு விதிவிலக்குதான். மலை கொரில்லா எந்த ஜூலயும் கிடையாது. 2016-ல சின்சினாட்டி ஜூல ஒரு குழந்தை அகழிக்குள்ள விழுந்ததால சுட்டுக் கொன்னாங்களே ஹராம்பே, அதுவும் மேற்குத் தாழ்நிலம்தான், சைகை மொழி கத்துக்கிட்ட கோகோவும் அதேதான்.

காட்டுல எடுத்த வீடியோவா இருந்தா பின்னாடி என்ன இருக்குன்னு பாருங்க. இடுப்பளவு தண்ணியில உக்கார்ந்து செடியை வேரோட பிடுங்கி அலசித் தின்னுட்டு இருக்கா, சுத்தி பெரிய மரங்களுக்கு நடுவுல திறந்த சதுப்பு வெளியா இருக்கா, அது மேற்குத் தாழ்நிலம். அந்தக் காட்டுல இப்படி இருக்கற திறந்த வெளிக்கு "பாய்"னு பேர், உப்புச் சத்துள்ள செடிக்காக யானை, கொரில்லா எல்லாம் அங்க வரும். வடக்கு காங்கோவுல ம்பேலி பாய்னு ஒரு இடம் இருக்கு, அங்க லியான்னு பேர் வச்ச ஒரு பெண் கொரில்லா ஒரு குச்சியை ஊன்றி தண்ணி எவ்வளவு ஆழம்னு பார்த்துப் பார்த்து நடந்ததை ஆராய்ச்சிக்காரங்க படம் எடுத்து 2005-ல வெளியிட்டாங்க, காட்டு கொரில்லா ஒரு கருவியைப் பயன்படுத்தினதை முதல் தடவையா பதிவு பண்ணினது அதுதான். கொரில்லாவுக்கு நீச்சல் தெரியாது, அதை நினைச்சுட்டு அந்தக் குச்சி சமாச்சாரத்தைப் படிச்சா எனக்கு இன்னும் சிலிர்க்கும்.

பனி மூட்டம், மூங்கில், காஞ்சொறி, சரிவு, கம்பளி போர்த்தின மாதிரி நீள முடி, இப்படி இருந்தா மலை கொரில்லா. குளிர்ல இருக்கறதால அதுக்கு முடி நாலுலயும் நீளம். காட்டு செலரி, முள்ளுச்செடி, காஞ்சொறி இலையெல்லாம் தின்னும், நம்ம தொட்டாலே அரிச்சு எடுக்கற இலையை அது சாவகாசமா மடிச்சு வாயில போட்டுக்கும். மேற்குத் தாழ்நிலம் பழம் தேடி நிறைய நடக்கும், மலை கொரில்லாவுக்குச் சாப்பாடு காலடியிலயே கிடக்கறதால அவ்வளவு தூரம் அலையாது. பழத்தை வாயில வச்சுட்டு மரத்து மேல உச்சாணிக் கொம்புல இருக்கற படம்னா மேற்கு பக்கமா இருக்க வாய்ப்பு அதிகம்.

கஷ்டமானது க்ரௌவர். பார்க்க மலை கொரில்லா மாதிரியே கருப்பா இருக்கும், ஆனா முடி கட்டையா இருக்கும், முகம் கொஞ்சம் நீளம், உடம்பு நாலுலயும் பெருசு. படத்தை மட்டும் வச்சு இதைச் சொல்றது எனக்கே பல நேரம் வராது, எடுத்த இடம் கஹூசி-பியேகான்னு போட்டிருந்தா க்ரௌவர், வீருங்கா எரிமலைப் பக்கமோ ப்விண்டியோன்னா மலை கொரில்லான்னு முடிச்சுக்கறதுதான் நல்லது. க்ராஸ் ரிவரை கண்ணால பிரிக்கவே முடியாது, மண்டை ஓடு, அண்ணம், பல்லு அளவுலதான் வித்தியாசம்.

இங்க ஒரு பொறி இருக்கு, நிறைய பேர் இதுல விழறாங்க. காங்கோன்னு ரெண்டு நாடு இருக்கு. ப்ரஸாவில் தலைநகரா இருக்கறது சின்ன காங்கோ, அங்க இருக்கறது மேற்குத் தாழ்நில கொரில்லா. கின்ஷாசா தலைநகரா இருக்கறது பெரிய காங்கோ, காங்கோ ஜனநாயகக் குடியரசு, அதோட கிழக்கு ஓரத்துலதான் க்ரௌவரும் மலை கொரில்லாவும் இருக்கு. செய்தியில வெறுமனே "காங்கோ காட்டில்"னு போட்டா ஊர் பேரோ பார்க் பேரோ தேடுங்க. ஓட்ஸாலா, நுவாபாலே-ந்தோகின்னு இருந்தா சின்ன காங்கோ. வீருங்கா, கஹூசி-பியேகா, மைக்கோ, இட்டோம்ப்வேன்னு இருந்தா பெரிய காங்கோ.

எண்ணிக்கையை எப்படி நம்பறது

நம்பர் பார்த்ததும் மூணு கேள்வி கேளுங்க. எந்தக் கிளை, எந்த வருஷத்துக் கணக்கு, எண்ணினதா இல்ல மதிப்பிட்டதா.

மலை கொரில்லாவோட 1,063 எண்ணின கணக்கு. பெரிய காங்கோ, ருவாண்டா, உகாண்டா மூணும் சேர்ற வீருங்கா மலைத்தொடர்ல 2015-16-ல எடுத்த கணக்குல 604, உகாண்டாவோட ப்விண்டி காட்டுல 2018-ல எடுத்த கணக்குல 459, ரெண்டையும் கூட்டினா 1,063. மலை கொரில்லா இந்த ரெண்டு இடத்துலதான் இருக்கு, வேற எங்கயும் இல்ல. எப்படி எண்றாங்கன்னு தெரிஞ்சா அந்த நம்பர் மேல ஒரு மரியாதையே வந்துடும். கொரில்லா ஒவ்வொண்ணும் தினமும் சாயங்காலம் இலை தழையை வளைச்சு மடக்கி புதுசா ஒரு படுக்கை போட்டுக்கும், குட்டி மட்டும் அம்மா படுக்கையில தூங்கும், காலையில எழுந்திரிக்கும்போது அங்கயே சாணியும் போட்டுட்டுப் போகும். கணக்கெடுக்கற டீம் மலை முழுக்க வரிசையா நடந்து, கொரில்லா போன தடத்தைப் பிடிச்சு, படுக்கை இருக்கற இடத்துக்குப் போய், ஒவ்வொரு படுக்கையிலயும் இருக்கற சாணியில கொஞ்சம் எடுத்து லேபுக்கு அனுப்புவாங்க, அங்க டிஎன்ஏ பார்த்து இது ஏற்கனவே எண்ணினதா புதுசான்னு பிரிப்பாங்க. ஒரே காட்டை ரெண்டு தடவை இப்படி அலசுவாங்க. நேர்ல பார்க்காத கொரில்லாவைக் கூட தனித்தனியா எண்ணிட முடியுது.

மேற்குத் தாழ்நிலத்துக்கு இப்படி முடியாது, காடு அவ்வளவு பெருசு. கேமரூன், காபோன், சின்ன காங்கோ, மத்திய ஆப்பிரிக்கக் குடியரசு, ஈக்வடோரியல் கினி, அங்கோலாவோட கபிண்டா வரைக்கும் பரவியிருக்கு. அதனால காட்டுல நேர்கோடு போட்ட மாதிரி நடந்து, வழியில தெரியற படுக்கைகளை எண்ணி, மொத்தக் காட்டுக்கும் கணக்குப் போடுவாங்க. 2018-ல வந்த பெரிய ஆய்வு 2013 நிலவரப்படி சுமார் 3,60,000-னு சொல்லுச்சு, இது அதுக்கு முன்னாடி நினைச்சதை விட கூடுதல். ஆனா இதை மட்டும் படிச்சுட்டு நிறுத்திடாதீங்க. அதே ஆய்வுல வருஷத்துக்கு 2.7 சதவீதம் குறையுதுன்னும் இருக்கு, அந்த வேகத்துல போனா 26 வருஷத்துல பாதியாயிடும். அதுல பத்துல எட்டு கொரில்லா எந்தப் பாதுகாப்பும் இல்லாத, பார்க்குக்கு வெளிய இருக்கற காட்டுலதான் இருக்கு.

ஒரே ஆராய்ச்சி வட்டத்துலயே நம்பர் மாறும், அதுக்கு க்ரௌவர் நல்ல உதாரணம். 1990-கள் நடுவுல சுமார் 16,900-னு மதிப்பிட்டிருந்தாங்க, 2016-ல சுமார் 3,800-தான்னு சொன்னாங்க, 2021-ல இன்னும் நிறைய இடத்துல தேடினதுல சுமார் 6,800-னு திருத்தினாங்க. 3,800 எப்படி 6,800 ஆச்சு, அஞ்சு வருஷத்துல பெருகிடுச்சான்னா இல்ல. சண்டையால முன்னாடி யாரும் போக முடியாத காட்டுக்குள்ள போய்ப் பார்த்ததால கணக்கு மாறுச்சு. பழைய நம்பரை விட குறைஞ்சிருக்குங்கறதுல மாற்றம் இல்ல. அதனால நம்பர் கூடியிருந்தா கொரில்லா கூடிச்சா, எண்ணினது கூடிச்சான்னு பார்த்துட்டு அப்புறம் ஷேர் பண்ணுங்க.

க்ராஸ் ரிவர் பத்தி அதிகம் எழுத எனக்கு மனசு வரல, ஏன்னா மொத்தமே 300-க்குள்ளதான். நைஜீரியா கேமரூன் எல்லையில மலை உச்சிகள்ல துண்டு துண்டா இருக்கு, அஃபி மலை, ம்பே மலை, டாகமாண்டா, காக்வேனே. வேட்டையாடி வேட்டையாடி மனுஷனைப் பார்த்தாலே ஓடி ஒளியற சுபாவம் வந்துடுச்சு, அங்கயே வேலை பார்க்கறவங்க கூட வருஷக்கணக்கா படுக்கையும் சாணியும் மட்டும்தான் பார்த்திருப்பாங்க. 2020-ல ம்பே மலையில தானியங்கி கேமராவுல ஒரு கூட்டம் குட்டிகளோட பதிவாச்சு, முதுகுல ஒரு குட்டி தொத்திட்டு போற அந்தப் படத்தைத் தேடிப் பாருங்க, அவ்வளவு அபூர்வம் அது.

"மிக அருகிய"ன்னா என்ன, "அருகிய"ன்னா என்ன

ஐயூசிஎன்ங்கற உலக இயற்கைப் பாதுகாப்பு அமைப்போட சிவப்புப் பட்டியல்தான் எல்லாரும் எடுத்துக்கற அளவுகோல். அழிவாய்ப்பு இனம், அருகிய இனம், மிக அருகிய இனம், அதுக்கு மேல போனா காட்டுல இல்லாமப் போன இனம், இப்படிப் படி ஏறும். கொரில்லாவுல மூணு கிளை மிக அருகிய படியில இருக்கு. மலை கொரில்லா மட்டும் 2018 நவம்பர்ல ஒரு படி இறங்கி அருகிய இனம் ஆச்சு.

இங்கதான் எல்லாரும் குழம்புவாங்க. ஆயிரம் இருக்கறது அருகிய, மூணு லட்சம் இருக்கறது மிக அருகிய, இது என்ன கணக்குன்னு. என் அக்கா பொண்ணும் இதைத்தான் கேட்டா. பதில் என்னன்னா அந்தப் பட்டியல் தலையை மட்டும் எண்றதில்ல, விழற வேகத்தையும் பார்க்குது. மூணு தலைமுறைக்குள்ள 80 சதவீதத்துக்கு மேல குறையும்னு தெரிஞ்சா எத்தனை லட்சம் இருந்தாலும் மிக அருகியதுதான். கொரில்லாவுக்கு ஒரு தலைமுறை சுமார் 22 வருஷம், மூணு தலைமுறைன்னா 66 வருஷம். தண்ணி தொட்டியில எவ்வளவு இருக்குங்கறது ஒரு கேள்வி, அடியில ஓட்டை எவ்வளவு பெருசுங்கறது இன்னொரு கேள்வி. மேற்குத் தாழ்நிலம் பெரிய தொட்டி, பெரிய ஓட்டை. மலை கொரில்லா சின்ன தொட்டி, ஆனா ஓட்டையை அடைச்சு கொஞ்சம் கொஞ்சமா ரொம்பிட்டு இருக்கு.

அப்புறம் இன்னொரு விஷயம், மலை கொரில்லா கிளை அருகியதுன்னாலும் அது சேர்ந்த கிழக்கு கொரில்லா இனம் மொத்தமா இன்னும் மிக அருகியதுதான், க்ரௌவர் நிலைமை அப்படி. ஒரே பக்கத்துல ரெண்டு வார்த்தையும் பார்த்தா தப்புன்னு நினைக்காதீங்க.

ஓட்டை எங்க இருக்கு

ஒவ்வொரு கிளைக்கும் எமன் வேற, இதைத் தனித்தனியா தெரிஞ்சுக்காம "காடு அழியுது"ன்னு பொதுவா எழுதினா ஒரு பிரயோஜனமும் இல்ல.

மேற்குத் தாழ்நிலத்துக்கு வேட்டையும் எபோலாவும். மரம் வெட்டற கம்பெனி காட்டுக்குள்ள ரோடு போட்டா அதே ரோடுல துப்பாக்கியும் உள்ள போகும், இறைச்சி வெளிய வரும். எபோலாவை நம்ம மனுஷ நோயா மட்டும் தெரிஞ்சு வச்சிருக்கோம், 2002, 2003-ல சின்ன காங்கோவுல லோஸி பக்கம் வந்ததுல மட்டும் சுமார் 5,000 கொரில்லா செத்திருக்கும்னு ஆராய்ச்சிக்காரங்க கணக்கு போட்டாங்க. நல்லா பாதுகாத்த, யாரும் வேட்டையாடாத காட்டுலயே அது நடந்துச்சு. ஒரு பெண் கொரில்லா நாலஞ்சு வருஷத்துக்கு ஒரு குட்டிதான் போடும், அந்த இழப்பை ஈடு கட்ட எத்தனை வருஷம் ஆகும்னு நீங்களே யோசிச்சுக்கோங்க.

க்ரௌவருக்கு சண்டையும் சுரங்கமும். 1994-ல ருவாண்டா இனப்படுகொலைக்கு அப்புறம் லட்சக்கணக்கான அகதிங்க எல்லை தாண்டி வந்தாங்க, பின்னாடியே காங்கோ போர்கள், துப்பாக்கி எல்லா இடத்துலயும் பரவிடுச்சு. காட்டுக்குள்ள கோல்டான், தங்கம், தகரம் தோண்டறவங்க முகாம் போட்டாங்க, அவங்களுக்கு கறி வேணும், பக்கத்துல கடை கிடையாது. கோல்டான்ல இருந்து எடுக்கற டான்டலம் நம்ம போன், லேப்டாப்ல இருக்கற குட்டி கெபாசிட்டருக்குப் போகுது. கஹூசி-பியேகா 1980-லயே உலகப் பாரம்பரியக் களம், 1997-ல இருந்து ஆபத்துல இருக்கற களங்கள் பட்டியல்ல இருக்கு, இன்னும் வெளிய வரல.

மலை கொரில்லாவுக்கு கண்ணி, நோய், இடப் பற்றாக்குறை. மான், காட்டுப்பன்னிக்கு வைக்கற கண்ணியில கையோ காலோ மாட்டிக்கும். 2020 ஜூன்ல ப்விண்டியில ரஃபிகிங்கற வெள்ளி முதுகு ஆண் கொரில்லாவை ஈட்டியால குத்திக் கொன்னுட்டாங்க, சின்ன மிருகம் வேட்டையாட வந்தவன் செஞ்சது, அவனுக்கு 11 வருஷம் ஜெயில் கிடைச்சுது. நம்ம சளி கூட அதுக்கு ஆபத்து, 2009-ல ருவாண்டாவுல ஹிர்வா கூட்டத்துல மனுஷங்ககிட்ட வர்ற ஒரு சுவாச வைரஸால ஒரு தாயும் ஒரு குட்டியும் செத்துச்சு. அதே ஹிர்வா கூட்டத்துல 2020 பிப்ரவரியில மின்னல் தாக்கி நாலு கொரில்லா போயிடுச்சு. மொத்தமே ஆயிரம் இருக்கற இடத்துல ஒரு மின்னல் எவ்வளவு பெரிய விஷயம் பாருங்க.

ஆனா இந்த ஒரு கிளை ஏன் மேல வந்துச்சுன்னு கட்டாயம் தெரிஞ்சுக்கணும். 1981-ல வீருங்கா பக்கம் எண்ணினப்போ 254-தான் இருந்துச்சு. டயான் ஃபாஸிங்கற அமெரிக்க ஆராய்ச்சியாளர் 1967-ல ருவாண்டாவுல கரிசோகேன்னு ஆராய்ச்சி முகாம் போட்டு, கண்ணி அறுத்து, வேட்டைக்காரங்களோட மல்லுக்கு நின்னு, கடைசியில 1985 டிசம்பர்ல அந்த முகாம்லயே கொலை செய்யப்பட்டாங்க. அவங்களுக்கு ரொம்பப் பிடிச்ச டிஜிட்ங்கற கொரில்லாவை 1977 கடைசி நாள்ல வேட்டைக்காரங்க கொன்னாங்க, அதுக்கப்புறம்தான் உலகமே திரும்பிப் பார்த்துச்சு. ஆனா எண்ணிக்கையை ஏத்தினது ஒருத்தர் மட்டும் இல்ல. தினமும் ஒவ்வொரு கூட்டத்தையும் பின்தொடர்ற உள்ளூர் தடம் பார்க்கறவங்க, 1986-ல இருந்து காட்டுக்குள்ளயே போய் மயக்க ஊசி போட்டு கண்ணியை எடுத்து காயத்துக்கு மருந்து போடற கால்நடை டாக்டருங்க, சுற்றுலா பணத்துல பங்கு வாங்கற சுத்துப்பட்டு கிராமங்க, உயிரைக் குடுத்த ரேஞ்சருங்க. வீருங்கா பார்க்ல மட்டும் இதுவரைக்கும் 200-க்கு மேல ரேஞ்சருங்க செத்திருக்காங்க. ஒவ்வொரு கொரில்லாவுக்கும் மூக்குச் சுருக்கம் வேற வேற, நம்ம கைரேகை மாதிரி, அதை நோட்டுல வரைஞ்சு வச்சு பேர் சொல்லிக் கூப்பிடற அளவுக்கு அவங்களுக்குத் தெரியும். ருவாண்டாவுல 2005-ல இருந்து பிறந்த குட்டிங்களுக்கு ஊரே கூடி பேர் வைக்கற விழா நடக்குது, க்விட்டா இசினான்னு பேரு.

நேர்ல பார்க்கணும்னா

பக்கத்துல பார்க்கணும்னா மைசூர் ஜூ. அங்க போலோன்னு ஒரு கொரில்லா ரொம்ப வருஷம் தனியா இருந்து 2014-ல இறந்துச்சு, அப்புறம் 2021-ல ஜெர்மனியில இருந்து தாபோ, டெம்பான்னு ரெண்டு ஆண் கொரில்லா வந்துச்சு. செவ்வாய்க்கிழமை ஜூ லீவு, அன்னைக்குப் போயிடாதீங்க. போனா மேல சொன்ன மூக்கு மடிப்பையும் செம்பட்டை உச்சியையும் குழந்தைங்களுக்குக் காட்டுங்க, கண்ணாடியைத் தட்டாதீங்க, நெஞ்சுல அடிச்சுக் காட்டாதீங்க, நேரா கண்ணைப் பார்த்து முறைக்காதீங்க, அது அதுக்குச் சண்டைக்குக் கூப்பிடற மாதிரி. அரை மணி நேரம் ஒரே இடத்துல சும்மா நில்லுங்க, எல்லாரும் போட்டோ எடுத்துட்டு நகர்ந்ததுக்கு அப்புறம்தான் அது இயல்பா இருக்கும்.

காட்டுக்கே போகணும்னா உகாண்டா, ருவாண்டா ரெண்டுதான் நம்ம ஊர்க்காரங்களுக்கு நடைமுறையில சரிப்படும். பெர்மிட் உகாண்டாவுல 2024 ஜூலையில இருந்து 800 டாலர், ருவாண்டாவுல 2017-ல இருந்து 1,500 டாலர், கொரில்லாகிட்ட இருக்க விடறது ஒரே ஒரு மணி நேரம், ஒரு கூட்டத்துக்கு ஒரு நாளைக்கு எட்டு பேர், 15 வயசுக்குக் கீழ அனுமதி இல்ல. விலை மாறும், அந்தந்த அரசு தளத்துல பார்த்துட்டு பணம் கட்டுங்க. ருவாண்டாவுல கிகாலியில இருந்து ரெண்டு ரெண்டரை மணி நேரத்துல மலையடிவாரம் போயிடலாம், உகாண்டாவுல என்டெப்பேல இருந்து ரோடு வழியா எட்டு ஒன்பது மணி நேரம் ஆகும். உகாண்டா பெர்மிட்ல ஒரு முக்கியமான விஷயம், ப்விண்டியில புஹோமா, ருஹிஜா, ருஷாகா, ன்குரிங்கோன்னு நாலு பக்கம் இருக்கு, பெர்மிட் எந்தப் பக்கத்துக்கோ அந்தப் பக்கத்துலயே ரூம் போடுங்க, மேப்ல பக்கத்துல தெரியும் ஆனா மலை ரோடு சுத்தி விடிகாலையில வந்து சேர முடியாது.

மஞ்சள் காய்ச்சல் ஊசி போடாம கிளம்பாதீங்க. பயணத்துக்கு குறைஞ்சது 10 நாள் முன்னாடி போட்டிருக்கணும், சென்னையில கிண்டி கிங் இன்ஸ்டிட்யூட்ல போடறாங்க, அந்த மஞ்சள் அட்டையை பாஸ்போர்ட்டோடயே வச்சுக்கோங்க. உகாண்டாவுல இறங்கும்போது கேட்பாங்க, அதை விட முக்கியம் திரும்பி இந்தியா வரும்போது இல்லேன்னா தனிமைப்படுத்தி வச்சுடுவாங்க. ஜூன்ல இருந்து ஆகஸ்ட், டிசம்பர்ல இருந்து பிப்ரவரி மழை கம்மி. முழுக்கை சட்டை, பேண்ட்டை சாக்ஸுக்குள்ள சொருகிக்கோங்க, தோட்ட வேலைக்குப் போடற கையுறை ஒண்ணு, காஞ்சொறிக்கு அது இல்லாம முடியாது. பை தூக்க உள்ளூர் ஆளை வச்சுக்கோங்க, நீங்க தெம்பா இருந்தாலும் வச்சுக்கோங்க, பல பேருக்கு அன்னைக்கு வருமானமே அதுதான், அந்த வருமானம் இருக்கறதாலதான் கண்ணி வைக்கற கை குறையுது.

சளி, இருமல், காய்ச்சல் இருந்தா போகாதீங்க, எவ்வளவு பணம் கட்டியிருந்தாலும் சரி. முன்னாடியே சொல்லிட்டா பணத்துல ஒரு பகுதி திரும்பக் கிடைக்க வழி இருக்கு, மறைச்சுட்டுப் போய் ஒரு குட்டிக்கு ஒட்ட வச்சா எதுவும் திரும்பக் கிடைக்காது. மாஸ்க் போடுங்க, 10 மீட்டர் தள்ளி நில்லுங்க, அது கிட்ட வந்தா நீங்க பின்னாடி நகருங்க. ஃப்ளாஷ் கூடாது. ஆண் கொரில்லா பாய்ஞ்சு வந்தா ஓடவே கூடாது, குனிஞ்சு உக்கார்ந்து பார்வையைத் தாழ்த்திக்கோங்க, பெரும்பாலும் மிரட்டிட்டு நின்னுடும்.

வீட்டுல இருந்தே செய்யறதுக்கும் சிலது இருக்கு. போனை இன்னும் ரெண்டு வருஷம் கூட வச்சுக்கோங்க, பழசை டிராயர்ல போட்டு வைக்காம மறுசுழற்சிக்குக் குடுங்க. கொரில்லாக் குட்டியை யாரோ வீட்டுல டயப்பர் மாட்டி வளர்க்கற வீடியோ வந்தா லைக் போடாதீங்க, ஃபார்வர்ட் பண்ணாதீங்க, ஒரு குட்டியைப் பிடிக்கணும்னா தாயையும் காக்க வர்ற மத்ததையும் கொல்லாம முடியாது. 2019-ல ரேஞ்சரோட ரெண்டு கொரில்லா நிமிர்ந்து நின்னு போஸ் குடுத்த செல்ஃபி நம்ம குரூப்ல எல்லாம் சுத்துச்சே, அது வேற கதை. அதுல ஒண்ணு ன்டகாசி, 2007-ல சுட்டுக் கொல்லப்பட்ட தாயோட உடம்பைக் கட்டிப் பிடிச்சுட்டு இருந்த ரெண்டு மாசக் குட்டியா ரேஞ்சருங்க எடுத்துட்டு வந்து, வீருங்கா பார்க் அனாதைக் காப்பகத்துல வளர்த்தாங்க, 2021 செப்டம்பர்ல அதை வளர்த்தவரோட மடியிலயே உயிர் போச்சு. அந்த ரெண்டு மாதிரி வீடியோவையும் பிரிச்சுப் பார்க்கத் தெரிஞ்சுக்கோங்க.

இன்னும் ஒண்ணு, மலை ஏறப் போறவங்களுக்கு. கொரில்லா பக்கத்துல வந்ததும் கூட வர்ற கைடு தொண்டையைச் செருமற மாதிரி அடிக்குரல்ல ம்ம்ஹ்ம்னு ஒரு சத்தம் குடுப்பார். சாப்பிட்டுட்டு நிம்மதியா இருக்கும்போது கொரில்லாங்க ஒண்ணுக்கொண்ணு குடுத்துக்கற சத்தம் அது, நாங்க சண்டைக்கு வரலன்னு அர்த்தம். கைடு சொன்னா நீங்களும் மெதுவா ஒரு தடவை குடுங்க, குடுத்துட்டு பேசாம காது குடுத்துக் கேளுங்க, இலை மறைவுல இருந்து அதே சத்தம் பல நேரம் திரும்பி வரும்.